கண்ணீர் காயும் முன்னே கையெழுத்துப் போடாதீர்கள்



இந்த இதழில் இனிப்பு நீர் வியாதிக்காரர்களின் கால் புண்ணைப் பற்றி எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அதை அடுத்த இதழுக்குத் தள்ளி வைத்துவிட்டு வேறு ஒரு புண்ணைப் பற்றி எழுதுகிறேன். இது மருந்து வைத்துக் கட்டக்கூடிய புண் அல்ல. சாலை விபத்தில் குடும்பத் தலைவனைப் பறிகொடுத்த வீட்டில், பதினாறாம் நாள் காரியம் முடிந்த பிறகு உண்டாகிற புண். "சுகாதாரப் பகுதியில் சட்டம் எதற்கு, டிரஸர் ஐயா?" என்று சிலர் கேட்கலாம். அரிசி வாங்கப் பணமில்லாத வீட்டில் பிள்ளைக்கு இரத்தச் சோகை வராமல் என்ன வரும்? என் மருந்தறைக்குத் தலைவலி, தூக்கமின்மை, படபடப்பு என்று வருகிற விதவைத் தாய்மார்களில் பல பேருக்கு நான் கொடுக்கிற மாத்திரை வேலை செய்வதில்லை. அவர்களுக்கு வேண்டியது வேறு.

நம் நாட்டில் 2016-ஆம் ஆண்டில் மட்டும் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 7,152 பேர். 2019-இல் 6,167 பேர். இதில் பாதிக்கு மேல் மோட்டார் சைக்கிளில் போனவர்கள். மோட்டார் சைக்கிளில் போவது யார் என்று நான் சொல்லத் தேவையில்லை. பெரட்டுக்குப் போவதும் அதிலேதான், வெட்டுக்குப் போவதும் அதிலேதான், பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் விடுவதும் அதிலேதான். ஒரு மோட்டாரில் நாலு பேர் போகிற காட்சியையும் நான் தினமும் பார்க்கிறேன்.

இனி நான் சொல்லப் போவது என்னுடைய தவறைப் பற்றியது. பெயர், தோட்டம் எதையும் சொல்ல மாட்டேன். அந்த அம்மாள் இன்னும் உயிரோடு இருக்கிறார்.

2016-இல் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். செம்பனைக் குலை வெட்டுகிறவர், 41 வயது, பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடச் சப்பாத்து வாங்க டவுனுக்குப் போனார். முச்சந்தியில் லாரி மோதி அங்கேயே உயிர் போய்விட்டது. சாவு வீட்டுக்கு லாரி முதலாளியின் ஆள் வந்தார். மாலை போட்டார். 2,000 வெள்ளியை ஓர் உறையில் வைத்துக் கொடுத்தார். "செலவுக்கு வெச்சுக்குங்கம்மா" என்று சொல்லி ஒரு தாளில் கைநாட்டு வாங்கிக்கொண்டு போனார். அந்த நேரத்தில் நானும் அங்கே நின்றுகொண்டிருந்தேன். அந்த அம்மாள் என்னைப் பார்த்து, "ஐயா, இதுல என்னா எழுதியிருக்கு?" என்று கேட்டார். வீடு நிறைய ஆட்கள், ஒப்பாரிச் சத்தம், நானும் நண்பரை இழந்த துக்கத்தில் இருந்தேன். "அப்புறம் பார்த்துக்கலாம்மா, இப்ப காரியத்தைப் பாருங்க" என்று சொல்லிவிட்டேன்.

அந்த "அப்புறம்" 2020-இல்தான் வந்தது. இரண்டாவது மகளுக்குக் காய்ச்சல் என்று மருந்தறைக்கு வந்தவர், பேச்சோடு பேச்சாக, "அவரு செத்ததுக்கு ஏதாச்சும் கிடைக்கும்னு பக்கத்து வீட்டுல சொல்றாங்க, நெசமாங்கய்யா?" என்று கேட்டார். சங்கத்தில் விவரம் தெரிந்த ஒருவரிடம் அழைத்துப் போனேன். அவர் முதலில் கேட்ட கேள்வி, "எந்தத் தேதியில் இறந்தார்?" என்பதுதான். தேதியைச் சொன்னதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

ஏனென்றால் சாலை விபத்தில் ஒருவர் மாண்டால், அவரை நம்பி வாழ்ந்த மனைவி, கணவன், பிள்ளை, பெற்றோர் வழக்குப் போட வேண்டிய கெடு, மரணத்திலிருந்து மூன்று ஆண்டு. 1956-ஆம் ஆண்டு சிவில் சட்டத்தின் 7-ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. மூன்று ஆண்டும் ஒரு நாளும் ஆனால், கதவு சாத்தியாயிற்று.

எவ்வளவு போயிற்று என்று பிறகு ஒரு நாள் இரவு உட்கார்ந்து கணக்குப் பார்த்தேன். பார்க்காமல் இருந்திருக்கலாம். அவர் மாதம் 800 வெள்ளி வீட்டுக்குக் கொடுத்து வந்தார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்போதிருந்த சட்டப்படி 55-இலிருந்து வயதைக் கழித்து, வந்ததைப் பாதியாக்க வேண்டும். 55-இல் 41 போனால் 14, பாதி 7 ஆண்டு. 800-ஐ 12-ஆல் பெருக்கி 7-ஆல் பெருக்கினால் 67,200 வெள்ளி. துக்க இழப்பீடு என்று தனியாக 10,000 வெள்ளி. ஆக 77,200. ஈமச் சடங்குச் செலவு வேறு. லாரிக்காரர் மேல் முழுத் தவறும் நிரூபணம் ஆகியிருந்தால்தான் இவ்வளவு. பாதித் தவறு நம் ஆள் மேல் என்று கோர்ட் சொன்னால் பாதிதான். சரி, பாதியே என்று வைத்துக்கொண்டாலும், அந்த உறையில் இருந்த 2,000 எங்கே, இது எங்கே!

தோழர்களே, அன்றைக்கு நான் அந்தத் தாளை வாங்கிப் படித்திருந்தால் இரண்டு நிமிஷம் ஆகியிருக்கும். இதை நான் இங்கே எழுதுவது, அடுத்த சாவு வீட்டில் நீங்கள் நிற்கும்போது அந்த இரண்டு நிமிஷத்தை ஒதுக்க வேண்டும் என்பதற்காகத்தான்.

இப்போது சட்டம் கொஞ்சம் மாறியிருக்கிறது. 2019 செப்டம்பர் 1-ஆம் தேதி முதல் 55 என்ற வயது 60 ஆகியிருக்கிறது. இறந்தவருக்கு 30 வயது அல்லது அதற்குக் கீழே என்றால் 16 ஆண்டுக் கணக்கு. 31-லிருந்து 59 வரை என்றால், 60-இல் வயதைக் கழித்துப் பாதி. 40 வயதுக்காரருக்கு 10 ஆண்டு, 50 வயதுக்காரருக்கு 5 ஆண்டு. 60 ஆனவருக்குச் சம்பள இழப்புக் கணக்கே கிடையாது. துக்க இழப்பீடு 10,000-லிருந்து 30,000 வெள்ளி ஆகியிருக்கிறது. கணவனுக்கோ மனைவிக்கோ, சிறுவயதுப் பிள்ளை மாண்டால் பெற்றோருக்கோ இது உண்டு. 1984-இல் வைத்த 10,000 வெள்ளி, 35 ஆண்டு அப்படியே கிடந்தது. அந்த 35 ஆண்டில் ஒரு கட்டி நெத்திலி என்ன விலை ஏறியிருக்கிறது என்று உங்கள் வீட்டுக்காரம்மாளைக் கேளுங்கள்.

சம்பளத்தில் முழுவதையும் கொடுத்துவிட மாட்டார்கள். இறந்தவர் தனக்கென்று செய்துகொண்ட செலவைக் கழித்து, வீட்டுக்குக் கொடுத்ததைத்தான் பார்ப்பார்கள். ஆகவே சம்பளச் சீட்டைக் கிழித்துப் பொட்டலம் கட்டாதீர்கள். மணமாகாத மகன் மாதம் 300 வெள்ளி அம்மாவுக்குக் கொடுக்கிறான் என்றால், அதைக் கையில் கொடுக்காமல் பேங்கு வழியாக அனுப்பச் சொல்லுங்கள். அவன் நூறாண்டு வாழட்டும். ஆனால் கோர்ட்டில் தாயின் சொல்லைவிட பேங்குச் சீட்டுக்கு மதிப்பு அதிகம். இறந்தவருடைய ஆயுள் இன்சூரன்ஸ் பணத்தையும் சேமநிதிப் பணத்தையும் காட்டி, "அதுதான் வந்துவிட்டதே" என்று இழப்பீட்டில் கழிக்கக் கூடாது என்பதும் அதே சட்டத்தில் இருக்கிறது.

இதுவரை சொன்னது ஒரு கதவு, மோதியவரின் இன்சூரன்ஸ் கதவு. அங்கே யார் தவறு என்பதுதான் முதல் கேள்வி. நம் ஆள் தானாகவே பள்ளத்தில் விழுந்து மாண்டால் அந்தக் கதவில் தட்ட யாருமில்லை.

இன்னொரு கதவு சொக்சோ. இங்கே யார் தவறு என்று கேட்பதில்லை. மோதியவன் நிற்காமல் ஓடிவிட்டாலும், மாடு குறுக்கே வந்து விழுந்தாலும் சொக்சோ கொடுக்கும். வேலை நேரத்தில் மட்டும்தான் சொக்சோ என்று இன்னும் பல பேர் நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள். அது தப்பு. வீட்டிலிருந்து வேலைக்குப் போகிற வழியிலும், வேலை முடிந்து வீட்டுக்கு வருகிற வழியிலும், சாப்பாட்டு நேரத்தில் சாப்பிடப் போய்வருகிற வழியிலும் நடந்த விபத்து, வேலை விபத்தாகவே கருதப்படும். லயத்திலிருந்து பெரட்டுக் களத்துக்குப் போகிற வழியும் இதில் சேர்ந்ததுதான். ஆனால் நேர் வழியை விட்டுச் சொந்தக் காரியத்துக்காகத் திரும்பிவிட்டால் சிக்கல்.

இந்த இடத்தில்தான் நம் ஆட்கள் வாயால் கெடுகிறார்கள். விடியற்காலை ஐந்தரைக்குப் பெரட்டுக்குப் போன மனுஷன் விழுந்துவிட்டான். போலீசில் ரிப்போர்ட் கொடுக்கப் போன மைத்துனன், "எங்க போனாருன்னு தெரியல, டீ குடிக்கப் போயிருப்பாரு" என்று சொல்லிவிட்டு வருகிறான். தெரியவில்லை என்றால் தெரியவில்லை என்று மட்டும் சொல்லு தம்பி, டீயை ஏன் நீயே ஊற்றுகிறாய்? அந்த ஒரு வரியை அழிக்க ஒரு குடும்பம் எத்தனை படி ஏற வேண்டும் தெரியுமா? பொய் சொல்லுங்கள் என்று நான் சொல்லவில்லை. பொய் சொன்னால் அகப்பட்டுக்கொள்வீர்கள், சொல்லவும் கூடாது. பெரட்டுப் புத்தகத்தைப் பாருங்கள், மண்டோரைக் கேளுங்கள், எத்தனை மணிக்குக் கிளம்பினார் என்று வீட்டில் கேளுங்கள், பிறகு ரிப்போர்ட் கொடுங்கள் என்றுதான் சொல்கிறேன்.

வேலை விபத்து என்று முடிவானால் குடும்பத்துக்குக் கிடைப்பது, இறந்தவரின் சராசரி நாட்சம்பளத்தில் 90 விழுக்காடு. மாதா மாதம் வரும். ஒரு நாளைக்கு 60 வெள்ளி என்று கணக்கு வைத்தால் 54 வெள்ளி. அதை ஐந்து பங்காக்கி மூன்று பங்கு மனைவிக்கு, இரண்டு பங்கு பிள்ளைகளுக்கு. அதாவது ஒரு நாளைக்கு 32 வெள்ளி 40 காசு அம்மாவுக்கும், 21 வெள்ளி 60 காசு பிள்ளைகளுக்கும். பிள்ளைகளுக்கு 21 வயது வரையில் அல்லது திருமணம் வரையில், பல்கலைக்கழகத்தில் படித்தால் முதல் பட்டம் வாங்கும் வரையிலும் கிடைக்கும். ஒரு தோட்டத்துப் பிள்ளை டிகிரி முடிக்கிற வரை அப்பன் சம்பளத்தில் ஒரு பங்கு வருகிறது என்றால் அது சாதாரண விஷயமா? அறுபது வயதைத் தாண்டி வேலை செய்கிற பெரியவர்களுக்கும் வேலை விபத்துப் பாதுகாப்பு உண்டு. கோர்ட்டுக் கதவு அறுபதோடு சாத்திக்கொள்கிறது. சொக்சோ கதவு சாத்திக்கொள்வதில்லை.

சரி, ஞாயிற்றுக்கிழமை சப்பாத்து வாங்கப் போனவருக்கு? அது வேலை விபத்து அல்ல. ஆனாலும் சொக்சோவில் 'பிழைத்திருப்போர் ஓய்வூதியம்' என்று ஒன்று உண்டு. 60 வயதுக்குள் இறந்தவர், குறைந்தது 24 மாதம் சந்தா கட்டியிருந்து மற்ற விதிகளுக்கும் பொருந்தினால், எப்படிச் செத்தார் என்று பார்க்காமல் கொடுப்பார்கள். முழு ஓய்வூதியம் என்றால் சராசரிச் சம்பளத்தில் 50 முதல் 65 விழுக்காடு. அந்த அம்மாளுக்கு இதுதான் கடைசியில் கைகொடுத்தது. நாலு வருஷமாக ஒருத்தரும் சொல்லவில்லை, என்னையும் சேர்த்துத்தான். கோர்ட்டுக் கதவு சாத்திய பிறகு, நான் வெட்கத்தோடு அவரைச் சொக்சோவுக்கு அழைத்துப் போனேன். அங்கே வேறு ஒரு கஷ்டம் காத்திருந்தது.

"கல்யாணப் பதிவுப் பத்திரம் இருக்கா?"

இல்லை. தோட்டத்து மாரியம்மன் கோயிலில், ஊரே பார்க்க, பூசாரி மந்திரம் சொல்ல, தாலி கட்டிய கல்யாணம். பத்தொன்பது வருஷம் வாழ்ந்து மூன்று பிள்ளை பெற்ற பிறகு, தான் மனைவி என்பதற்கு அந்த அம்மாள் சாட்சி தேட வேண்டியிருந்தது. சத்தியப் பிரமாணம், கோயில் கமிட்டிக் கடிதம், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம் என்று நாலைந்து தடவை பஸ் ஏறி இறங்கினார். கிடைத்தது. ஆனால் வழக்கு என்று கோர்ட்டுக்குப் போகிற விதவைகளுக்கு இது இன்னும் பெரிய தலைவலி. பதியாத கோயில் கல்யாணத்தை ஏற்றுக்கொண்ட தீர்ப்பும் உண்டு, ஏற்றுக்கொள்ளாத தீர்ப்பும் உண்டு. உங்கள் வழக்கு எந்தப் பக்கம் விழும் என்று பந்தயம் கட்டவா போகிறீர்கள்?

1976-ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சட்டம் 1982 மார்ச் 1-ஆம் தேதி அமலுக்கு வந்தது. நாற்பது வருஷத்துக்கு மேலாகிறது. இன்னமும் "கோயில்ல கட்டிட்டோம்ல, அது போதாதா?" என்று கேட்கிற தம்பிகளை நான் பார்க்கிறேன். கல்யாண மண்டபத்துக்கு ஐயாயிரம், வீடியோக்காரனுக்கு மூவாயிரம் கொடுக்கிறீர்கள். பதிவுக்கு ஒரு நாள் லீவு எடுக்க மாட்டேன் என்கிறீர்கள். தாலி சாமிக்குச் சாட்சி, பத்திரம் கவர்மெண்டுக்குச் சாட்சி. இரண்டும் வேண்டும். பதியாதவர்கள் இந்த மாதமே பதிவு இலாகாவுக்குப் போய் என்ன செய்ய வேண்டும் என்று கேளுங்கள். பிள்ளைகளைப் பற்றி ஒரு ஆறுதல்: கல்யாணம் பதியவில்லை என்றாலும், அப்பாவின் இழப்பீட்டில் பிள்ளைகளின் உரிமை போகாது. சட்டம் அவர்களை முறையான பிள்ளைகளாகவே எடுத்துக்கொள்ளச் சொல்கிறது. தத்துப் பிள்ளைக்கும் அப்படியே.

இப்போது ஆஸ்பத்திரிப் பக்கம் வருகிறேன். இது என் தொழில், இதில் கொஞ்சம் அதிகாரத்தோடு பேசலாம்.

முதலில் உயிரோடு இருப்பவரைப் பாருங்கள். விபத்து நடந்த இடத்தில் 999-க்குப் போன் அடியுங்கள். காலைப் பிடித்து ஒருத்தர், தோளைப் பிடித்து ஒருத்தர் தூக்கி, உரமூட்டையைப் போல வேனில் போடாதீர்கள். கழுத்தெலும்பு முறிந்திருந்தால் நீங்களே அவரை முடமாக்கிவிடுவீர்கள். மூச்சுக்குத் தடையில்லை என்றால் ஹெல்மெட்டைப் பிடுங்காதீர்கள். இரத்தம் கொட்டினால் சுத்தமான துணியை வைத்து அழுத்திப் பிடியுங்கள். சேறு, காப்பித்தூள் எதையும் அப்பாதீர்கள்.

காலம் கைமீறிப் போய்விட்டால், பிரேத பரிசோதனை. "அறுக்காம குடுத்துடுங்க சார்" என்று கெஞ்சுகிற உறவினர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அந்த வேதனை எனக்குப் புரிகிறது. ஆனால் விபத்தில் மாண்டவருடைய சாவுக்கு என்ன காரணம் என்று டாக்டர் எழுதுகிற அந்த அறிக்கைதான் நாளைக்கு உங்கள் பக்கம் பேசும். முக்கியமாக, விபத்து நடந்து பத்து நாள், இருபது நாள் ஆஸ்பத்திரியில் கிடந்து பிறகு இறந்தவர்கள் விஷயத்தில், "நெஞ்சு வலியில் செத்தார், நிமோனியாவில் செத்தார்" என்று எதிர்க்கட்சி வாதாடும். விபத்தால் வந்த நிமோனியா என்று யார் சொல்வது? அறிக்கைதான் சொல்ல வேண்டும். அதனால் தடுக்காதீர்கள். தோட்ட மருந்தறையில் முதலுதவி செய்திருந்தால், எங்கள் பதிவேட்டில் நேரத்தையும் காயத்தையும் எழுதியிருப்போம், அதையும் கேட்டு வாங்குங்கள்.

போலீஸ் ரிப்போர்ட், விபத்து இடத்தின் வரைபடம், மரணப் பத்திரம், அடையாளக் கார்டு நகல், கல்யாணப் பத்திரம், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், சம்பளச் சீட்டு, ஈமச் செலவு ரசீது எல்லாவற்றையும் ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு அரிசி டின்னுக்குள் வையுங்கள். சிரிக்காதீர்கள். ஒரு வெள்ளத்தில் லயத்தில் எல்லாம் நனைந்து, டின்னுக்குள் இருந்தது மட்டும் பிழைத்ததை நான் கண்ணால் கண்டவன். தோட்ட ஆபீசிலும் உடனே சொல்லுங்கள். வேலை விபத்தை அறிந்த 48 மணி நேரத்துக்குள் முதலாளி சொக்சோவுக்குத் தெரிவிக்க வேண்டும். "கிராணி லீவு, அடுத்த வாரம் வா" என்றால், சங்கத் தலைவரை அழைத்துக்கொண்டு மறுநாளே போங்கள். கண்ட்ராக்டர் கீழே வேலை செய்கிறவர்களே, உங்கள் பெயரில் சந்தா கட்டப்படுகிறதா என்று இன்றைக்கே சொக்சோவில் பாருங்கள், செத்த பிறகு பார்க்க முடியாது. நம்மோடு வேலை செய்கிற இந்தோனேசியத் தோழர்களுக்கும், வங்காளதேசத் தோழர்களுக்கும், தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களுக்கும் 2019 ஜனவரி 1 முதல் சொக்சோ வேலை விபத்துப் பாதுகாப்பு உண்டு. அவர்களில் யாராவது மாண்டால், ஊரில் இருக்கிற பெண்டாட்டி பிள்ளைகளுக்காக நாம்தான் வாய் திறக்க வேண்டும்.

அடுத்தது ஏஜண்டுகள். சவக்கிடங்கு வாசலில் உறவினர்கள் அழுதுகொண்டிருக்கும்போதே, வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர் தோளில் கை போட்டு, "தம்பி, நான் பாத்துக்கிறேன், நம்ம லாயர் இருக்காரு, காசு ஒண்ணும் வேணாம், கிடைக்கிறதுல முப்பது விழுக்காடு குடுத்தாப் போதும்" என்பார். அவருக்கு எப்படி அவ்வளவு சீக்கிரம் செய்தி போயிற்று என்று யோசித்துப் பார்த்திருக்கிறீர்களா? ஆள் பிடித்துக் கேஸ் கொண்டுவருவதும், ஜெயித்தால் இத்தனை பங்கு என்று பேசுவதும் வழக்கறிஞர்களுக்கு 1976-ஆம் ஆண்டு வழக்கறிஞர் தொழில் சட்டத்தில் தடை செய்யப்பட்டவை. தடையை மீறி வருகிறவர் உங்களிடம் மட்டும் யோக்கியமாக நடந்துகொள்வாரா? சொக்சோவுக்கு ஏஜண்டும் வேண்டாம், வக்கீலும் வேண்டாம். மற்ற வழக்குக்கு நல்ல வழக்கறிஞர் வேண்டும். அவருடைய அலுவலகத்துக்கு நீங்களே நேரில் போங்கள், அவர் முகத்தைப் பாருங்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். பணம் வந்தால் இன்சூரன்ஸ் கம்பெனி எவ்வளவு கொடுத்தது, அவர் எவ்வளவு பிடித்தார் என்று எழுத்தில் கணக்குக் கேளுங்கள். நல்ல வழக்கறிஞர் கோபித்துக்கொள்ள மாட்டார்.

இந்தச் சட்டத்தில் எனக்குப் பிடிக்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். வீட்டை மட்டும் பார்த்துக்கொண்டிருந்த ஒரு தாய் லாரியில் அடிபட்டுச் செத்தால், அவர் சம்பாதிக்கவில்லை, ஆகவே சம்பள இழப்பு இல்லை. மனைவியின் உழைப்பையும் துணையையும் இழந்தேன் என்பதை மட்டும் சொல்லிக் கணவன் இழப்பீடு கேட்க முடியாது என்றும் சட்டம் வெளிப்படையாகவே சொல்கிறது. விடிய நாலு மணிக்கு எழுந்து சமைத்து, துணி துவைத்து, பிள்ளையைக் குளிப்பாட்டி, மாமியாருக்குக் கஞ்சி ஊற்றுகிறவளுடைய உழைப்புக்கு விலை சைபரா? அவள் போன வீட்டில் அந்த வேலைக்கெல்லாம் ஆள் வைத்துப் பாருங்கள், தெரியும். துக்க இழப்பீடும் ஈமச் செலவும் தவிர அந்தக் குடும்பத்துக்கு வேறில்லை. இதை மாற்றச் சொல்லி நம் சங்கங்கள் குரல் கொடுக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம். அதுவரைக்கும் இரண்டு காரியம் செய்யலாம். அம்மா கீரை விற்கிறார், பலகாரம் போடுகிறார், தையல் தைக்கிறார் என்றால் அது சம்பாத்தியம்தான், ஒரு நோட்டில் வரவு எழுதி வையுங்கள். இரண்டாவது, 2022 டிசம்பரில் தொடங்கிய குடும்பத் தலைவிகளுக்கான சொக்சோ திட்டம். 55 வயதுக்கு உட்பட்ட குடும்பத் தலைவிக்கு ஆண்டுக்கு 120 வெள்ளி, மாதம் பத்து வெள்ளிதான். வீட்டுக் காரியங்களைப் பார்க்கும்போது நேரும் விபத்துக்குப் பாதுகாப்பு உண்டு. நான்கு நம்பர் கடைக்குப் போகிற காசில் ஒரு பகுதி.

தோட்டத்துக்குள்ளே மட்டும் ஓட்டுகிற மோட்டார்தானே என்று ரோட் டாக்சும் இன்சூரன்சும் எடுக்காமல் ஓட்டுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. அந்த மோட்டார் எப்படியும் ஒரு நாள் மெயின் ரோட்டைத் தொடும். நீங்கள் மோதி இன்னொரு தொழிலாளி செத்தால் அவன் குடும்பத்துக்கு இழப்பீடு யார் கொடுப்பது? இன்சூரன்ஸ் இல்லாத வண்டியால் பாதிக்கப்பட்டவர்களுக்காக மோட்டார் இன்சூரன்ஸ் பீரோ என்று ஓர் அமைப்பு இருக்கிறது, ஆனால் முதலில் கோர்ட்டில் தீர்ப்பு வாங்கி, பிறகு அங்கே போய்... அதற்குள் அந்தப் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தை விட்டு நின்றுவிடும். பின்னால் உட்கார்ந்து போகிறவரைப் பற்றியும் தெரிந்துகொள்ளுங்கள். லாரி மேல் தவறு என்றால் லாரியின் இன்சூரன்ஸ் கொடுக்கும். ஆனால் ஓட்டியவர் மேலேயே தவறு என்றால், சாதாரண மூன்றாம் தரப்பு இன்சூரன்ஸ் பின்னால் இருந்தவருக்குக் கொடுப்பதில்லை. அப்புறம் தலையில் போடாமல் கைப்பிடியில் மாட்டிக்கொண்டு போகிற ஹெல்மெட்டுக்காகவும் இழப்பீட்டில் ஒரு பங்கைக் கோர்ட் வெட்டலாம். கம்மிச் சம்சுவைப் பற்றி இங்கே நான் எழுதப் போவதில்லை, அதற்குத் தனியாக ஓர் இதழ் வேண்டும்.

அந்த அம்மாள் இப்போதும் மாதம் ஒரு முறை இரத்த அழுத்த மாத்திரைக்கு வருகிறார். போன மாதம் மூத்த மகளோடு வந்தார். மகளுக்கு வைகாசியில் கல்யாணம். "ஐயா, இவளுக்கு மொதல்ல பதிவு, அப்புறந்தான் தாலி. மாப்பிள்ளை வீட்டுல சொல்லிட்டேன்" என்றார். இரத்த அழுத்தம் 150/90 இருந்தது. உப்பைக் குறைக்கச் சொல்லி அனுப்பினேன்.

கால் புண்ணைப் பற்றி அடுத்த இதழில் கட்டாயம் எழுதுகிறேன். நாய்க்கடிக்கு எத்தனை ஊசி என்று கேட்டு எழுதிய வாசகருக்கும் அதிலேயே பதில் வரும். அதுவரை கடிபட்ட இடத்தைச் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிஷம் ஓடுகிற தண்ணீரில் கழுவிவிட்டு, உடனே ஆஸ்பத்திரிக்குப் போகவும்.